தெரியாமல் கொண்டுவந்த பெட்டி

போதைப்பொருள் வழக்கில் ஜாமீன் மனு வந்தால், இளம் நீதிபதிகளான உங்களில் சிலர் மனுவைப் படிக்கும் முன்பே தள்ளுபடி என்று எழுதிவிடுவதாகக் கேள்விப்படுகிறேன். உங்களைக் குறை சொல்லவில்லை. இன்றைய சட்டம் உங்கள் கையை நன்றாகவே கட்டியிருக்கிறது. ஆள் குற்றம் செய்யவில்லை என்று நம்புவதற்குக் காரணம் இருக்க வேண்டும், வெளியே போனால் மறுபடி செய்யமாட்டார் என்றும் தோன்ற வேண்டும், அதன் பிறகுதான் விடலாம் என்கிறது. கை கட்டப்பட்டது கட்டப்பட்டதுதான். ஆனால் காதையும் சேர்த்துக் கட்டிக்கொள்ளச் சொல்லி எந்தச் சட்டத்திலும் எழுதவில்லை. நான் சொல்ல வந்தது காதைப் பற்றி.

புதுச்சேரி இந்தியாவோடு சேர்ந்து கொஞ்ச காலம்தான் ஆகியிருந்தது. கொடி மாறிவிட்டது, சட்டம் மாறவில்லை. காவல்துறைக்கு எல்லை தாண்டிச் சென்னை மாநிலத்திலிருந்து புது அதிகாரிகள் வந்துவிட்டார்கள். அவர்கள் ஆங்கிலத்தில் யோசித்தார்கள், குற்றவாளிகள் தமிழில் பேசினார்கள், நாங்கள் எல்லாவற்றையும் பிரெஞ்சில் எழுதினோம். நான் விசாரணை நீதிபதியாக உட்கார்ந்திருந்தேன். பிரெஞ்சு முறையில் அந்த வேலை உங்கள் வேலை மாதிரி இல்லை. குற்றம் சாட்டப்பட்டவரை நானே நேரில் கேள்வி கேட்க வேண்டும், சாட்சிகளை நானே தேட வேண்டும், வழக்கு முடியும்வரை அவர் உள்ளே இருப்பதா வெளியே போவதா என்பதையும் நானே சொல்ல வேண்டும். அரசுத் தரப்பில் பேசுபவருக்கு ப்ரொக்யூரேர் என்று பெயர். என் முடிவு பிடிக்கவில்லை என்றால் அவர் மறுநாளைக்குள் மேலே எதிர்ப்பு எழுதி அனுப்பலாம். அனுப்பினால் ஆள் உள்ளேயே கிடப்பார்.

அந்த ஐப்பசி தொடக்கத்தில் ஒரு வண்டிக்காரரைக் கொண்டு வந்து நிறுத்தினார்கள். பெயர் ஏழுமலை. வில்லியனூர் சாலையில் மூலக்குளம் தாண்டி ஒரு கிராமம். கொஞ்சம் கொல்லை குத்தகைக்கு எடுத்து மல்லாட்டை போட்டிருந்தார். உங்களில் வெளியூர்க்காரர்கள் இருந்தால் அவர்களுக்காகச் சொல்கிறேன், கொல்லை என்றால் புன்செய் நிலம், மல்லாட்டை என்றால் வேர்க்கடலை. கொல்லை வேலை இல்லாத நாளில் மாட்டு வண்டியில் பிண்ணாக்கு மூட்டை ஏற்றிக்கொண்டு விழுப்புரம் போவார். அப்படிப் போனபோதுதான் எல்லைக்குச் சற்று முன்னால் வண்டியை நிறுத்திச் சோதித்திருக்கிறார்கள். மூட்டைகளுக்கு அடியில் ஆணி அடித்த மரப்பெட்டி ஒன்று. பிரெஞ்சு பிராந்தி வரும் பெட்டி. உடைத்துப் பார்த்தால் உள்ளே அபின்.

ஊர் முழுக்க இதே பேச்சானது. புதிய நிர்வாகம் வந்த பிறகு பிடிபட்ட முதல் பெரிய சரக்கு அது. காவல் அதிகாரி என் அறைக்கே வந்து, இவனை விட்டால் நாம் எல்லோரும் இதற்கு உடந்தை என்று ஜனங்கள் பேசுவார்கள் என்று நயமாகச் சொல்லிவிட்டுப் போனார். நயமாகச் சொல்லப்படும் மிரட்டலுக்கு நீங்களும் பழகிக்கொள்ள வேண்டியிருக்கும். காபி கொடுத்து அனுப்பிவிடுங்கள், அவ்வளவுதான்.

ஏழுமலைக்கு வக்கீல் வைக்க வழி இல்லை. நீதிமன்றமே ஓர் இளம் வக்கீலை அமர்த்தியது. அவர் ஜாமீன் மனு கொண்டு வந்தார். காரணம் என்று அவர் எழுதியிருந்தது ஒன்றே ஒன்று. கொல்லையில் மல்லாட்டை முற்றி நிற்கிறது, மழை இறங்கும் முன் பிடுங்கவில்லை என்றால் மண்ணுக்குள்ளேயே முளைத்துவிடும், வருடச் சாப்பாடு போய்விடும், வீட்டில் மனைவியும் கைக்குழந்தையும் மட்டும்தான். ப்ரொக்யூரேர் அதைப் படித்துச் சிரித்தார். கடலைக்காக அபின் கடத்தியவனை விடச் சொல்கிறார்களே என்றார். அவர் மோசமான மனிதர் இல்லை. எங்கள் ஊர்க்காரர்தான், பிரெஞ்சு கற்றவர், சட்டத்தில் என்னைவிடத் தேர்ந்தவர். அவர் கையில் ஓர் உறுதியான ஆயுதம் இருந்தது. காவல் நிலையத்தில் ஏழுமலை கொடுத்த வாக்குமூலம். அதில் பிரெஞ்சில் தெளிவாக இருந்தது: பெட்டியை மறைத்து எடுத்துச் சென்றேன். மறைத்தவனுக்கு உள்ளே இருப்பது தெரியாதா என்பது அவருடைய வாதம். அதில் ஓட்டை எதுவும் எனக்கும் தெரியவில்லை.

நான் ஏழுமலையைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னேன். மொழிபெயர்ப்பாளரை வைத்து வாக்குமூலத்தைத் தமிழில் படித்துக் காட்டச் சொன்னேன். அது சம்பிரதாயம்தான், பாதிப் பேர் காதிலேயே வாங்க மாட்டார்கள். ஆனால் மறைத்து எடுத்துச் சென்றேன் என்ற இடம் வந்ததும் அவர் தலையை நிமிர்த்தினார்.

"நான் அப்டி சொல்லலீங்களே."

என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன். பிரெஞ்சில் குற்றம் சாட்டப்பட்டவரையும் மரியாதையாகத்தான் அழைக்க வேண்டும். அந்தப் பழக்கம் என் தமிழிலும் ஒட்டிக்கொண்டிருந்தது. மரியாதை கொடுத்ததிலேயே அவர் கொஞ்சம் மிரண்டார்.

"தெரியாம எடுத்தாந்துட்டேங்கன்னு சொன்னேன். அம்புட்டுதான்."

அப்போதுதான் எனக்கு விஷயம் புரிந்தது. காவல் நிலையத்தில் எழுதியவர் வேண்டுமென்று செய்யவில்லை. தெரியாம என்ற நம் சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். பிறருக்குத் தெரியாமல் செய்தாலும் தெரியாமதான், தனக்கே தெரியாமல் செய்தாலும் தெரியாமதான். அவசரத்தில் யார் காலையாவது மிதித்துவிட்டு, தெரியாம மிதிச்சிட்டேன் என்கிறோம். அடுக்களையில் பூனை மாதிரி நுழைந்து முறுக்கை எடுத்தவனையும் தெரியாம எடுத்துட்டான் என்கிறோம். பிரெஞ்சில் இரண்டுக்கும் வேறு வேறு சொற்கள். எழுதியவர் ஒன்றைத்தான் எழுத முடியும். அபின் பெட்டி எதிரில் இருக்கும்போது எந்த ஒன்றை எழுதியிருப்பார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

வக்கீலுக்கு முகம் மலர்ந்தது. தன் கட்சிக்காரர் தனக்குத் தெரியாமல் என்றுதான் சொன்னார், மொழிபெயர்ப்பில் பிழை என்று எழுந்தார். ப்ரொக்யூரேர், அது இப்போது சொல்லிக் கொடுத்த பாடம் என்றார். இருவரையும் உட்காரச் சொல்லிவிட்டு நான் ஏழுமலையையே கேட்டேன். யாருக்குத் தெரியாமல்? உங்களுக்கா, மற்றவர்களுக்கா?

அந்த இடத்தில் உங்களையோ என்னையோ நிறுத்தியிருந்தால் எதைச் சொல்லியிருப்போம் என்பதில் சந்தேகம் இல்லை. வக்கீல் கண்ணாலேயே பதிலை ஊட்டிக்கொண்டிருந்தார். ஏழுமலை அதைக் கவனிக்கவே இல்லை.

"ரெண்டுந்தாங்க. பொட்டியில பிராந்தின்னு சொன்னாங்க. விழுப்புரம் பக்கம் மதுவிலக்கு இருக்குதில்லீங்களா, அதான் யாருக்கும் தெரியாம மூட்டைக்கு அடியில வச்சேன். உள்ளார இந்தக் கருமம் இருந்தது எனக்குத் தெரியாதுங்க."

வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். யாரும் கேட்காத ஒரு குற்றத்தை, பிராந்தி கடத்தக் கிளம்பியதை, தானாக ஒப்புக்கொண்டுவிட்டாரே. எனக்கோ அந்த நொடியில் அந்த மனிதர்மேல் பெரிய மரியாதை வந்தது. தப்பிக்க நினைப்பவன் பாதிக் கதவைத் திறந்து வைத்துவிட்டு மீதிக் கதவைத் தானே மூடமாட்டான். பெட்டியைக் கொடுத்தது யார் என்று கேட்டேன். அதற்கு மட்டும் வாய் திறக்கவில்லை. எத்தனை விதமாகக் கேட்டும் தரையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ப்ரொக்யூரேர் சொன்ன மறுப்புகள் லேசானவை இல்லை. பெயரைச் சொல்ல மறுப்பவன் கூட்டாளியைக் காப்பாற்றுகிறான் என்றார். அவன் கொல்லையிலிருந்து நாலு வரப்பு தாண்டினால் வேறு மாநிலம், ஓடிவிட்டால் நம் பிடியாணை அங்கே செல்லாமல் காகிதமாகக் கிடக்கும் என்றார். அதுவும் உண்மை. அன்று எங்கள் எல்லை வயலுக்கு நடுவே புகுந்து புகுந்து போகும். நான் இரண்டையும் யோசித்துத்தான் முடிவெடுத்தேன். விடுகிறேன், ஆனால் பிணைத் தொகை கட்ட வேண்டும், வாரம் ஒரு தடவை என் முன்னால் வந்து நிற்க வேண்டும் என்று எழுதினேன். ஏழைக்குக் கட்ட முடிகிற அளவுக்குத்தான் போட்டேன். மைத்துனர், மாமனார் என்று யாராவது திரட்டிக்கொண்டு வருவார்கள் என்று நினைத்தேன்.

உறவினர் யாரும் வரவில்லை. அன்று சாயங்காலத்துக்குள்ளேயே வந்தது ஒரு கணக்குப்பிள்ளை. வெள்ளை வேட்டி, மடிப்பு கலையாத சட்டை. ஊரில் பெரிய பிண்ணாக்கு மண்டி வைத்திருந்த ஒரு வியாபாரியின் ஆள். முதலாளியின் பெயர் வேண்டாம், முதலாளி என்றே சொல்கிறேன். ஏழுமலை உழுத கொல்லையும் அந்த முதலாளிக்குத்தான் சொந்தம். பாவம் நம் குடியானவன், முதலாளி இரக்கப்பட்டு அனுப்பினார் என்றார் கணக்குப்பிள்ளை. எழுத்தர் ரசீதுப் புத்தகத்தையே திறந்துவிட்டார்.

ஜாமீன் கொடுக்க வருபவரைப் பாருங்கள் என்று நான் உங்களுக்குச் சொல்வது இதனால்தான். குற்றம் சாட்டப்பட்டவரை நாம் துருவித் துருவிப் பார்ப்போம். அவரை மீட்க வருபவர் பணத்தோடு வருவதால் நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டோம். குடியானவன் வண்டியில் அபின் பிடிபட்டால் நிலக்காரருக்கு முதலில் வர வேண்டியது பயம், இல்லாவிட்டால் கோபம். இரக்கம் இவ்வளவு சீக்கிரம் வந்தது எனக்குப் பிடிக்கவில்லை. ரசீதை நிறுத்தச் சொல்லிவிட்டு ஏழுமலையை மறுபடி கூட்டி வரச் சொன்னேன்.

உள்ளே நுழைந்தவர் கணக்குப்பிள்ளையைப் பார்த்ததும் வாசலிலேயே நின்றுவிட்டார். இவர் உங்களுக்குப் பிணை கட்ட வந்திருக்கிறார், இன்றே வீட்டுக்குப் போகலாம் என்றேன். மல்லாட்டை நிற்கிறது, மேகம் வேறு கறுத்திருக்கிறது. அந்த மனிதர் ஜன்னல் வழியாக வானத்தைப் பார்த்தது எனக்கு இன்னும் கண்ணில் இருக்கிறது.

"வேணாங்க. இவுங்க கையால நான் வெளிய வர்ல. என்ன உள்ளாரயே வச்சிடுங்க."

கணக்குப்பிள்ளை ஏதோ அதட்டப் போனார். நான் அவரை வெளியே அனுப்பினேன். என்ன விஷயம் என்று ஏழுமலையைக் கேட்டதற்கு, ஒன்றும் இல்லை என்றே சொன்னார். சொல்ல வேண்டியதும் இல்லை. அபின் பெட்டியைக் கொடுத்தவர் யார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அந்தப் பணத்தில் வெளியே வந்தால் ஏழுமலையின் வாயை அவர்கள் விலைக்கு வாங்கியதாக ஆகும். வராவிட்டால் ஒரு வருடச் சோறு மண்ணுக்குள் முளைக்கும். அவர் சோற்றை விட்டுவிட்டார். ஆனால் எனக்குத் தெரிந்தது சாட்சியம் ஆகாது. அதை அவர்தான் சொல்ல வேண்டும், சிறையில் இருக்கும்வரை அவர் சொல்லப் போவதும் இல்லை.

நான் ஆணையை வாங்கிக் கிழித்தேன். பிணைத் தொகை இல்லாமல், அவருடைய சொந்த வாக்கில் மட்டும் விடுவிக்கிறேன் என்று புதிதாக எழுதினேன். எங்கள் சட்டம் அதற்கு இடம் கொடுத்தது, ஆனால் அந்த மாதிரி வழக்கில் யாரும் எழுதியதில்லை. வாரா வாரம் வருவீர்களா என்று கேட்டேன். வர்றேங்க என்றார். அவ்வளவுதான் பிணை.

செய்தி கேட்டு ப்ரொக்யூரேர் என் அறைக்கு வந்தார். கதவைச் சாத்திவிட்டு நின்றார்.

"மெஸ்யே, காலையில காசு கேட்டீங்க. சாயங்காலம் அதுவும் வேணாம்னுட்டீங்க. அவன் ஓடிட்டா இந்த ஊர்ல உங்க பேர் இருக்காது, தெரியுமில்ல?"

தெரியும் என்றேன். கணக்குப்பிள்ளை வந்ததையும் ஏழுமலை மறுத்ததையும் சொன்னேன். அவர் கதவைத் திறந்துகொண்டு போய்விட்டார். மறுநாள் முழுவதும் அவருடைய எதிர்ப்பு மனுவுக்காகக் காத்திருந்தேன். வரவில்லை. ஏன் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்டதில்லை.

முதல் வாரம் ஏழுமலை வந்தார். காலில் கொல்லை மண் காயாமல் இருந்தது. இரண்டாவது வாரமும் வந்தார். மாட்டை முதலாளி ஆட்கள் ஓட்டிக்கொண்டு போய்விட்டார்கள், அதனால் வண்டி இல்லை, நடந்தே வருகிறேன் என்று வக்கீலிடம் சொல்லியிருக்கிறார். காவல் வேண்டுமா என்று கேட்டேன், வேண்டாம் என்றார். மூன்றாவது வாரம் காலையில் அவர் வரவில்லை. மத்தியானமும் வரவில்லை. வெளியே தூறல் பிடித்துக்கொண்டது. காவல் அதிகாரி வராந்தாவில் நின்று யாரிடமோ சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார். ப்ரொக்யூரேர் என் அறை வழியாக ஒரு முறை போனார், மறுபடி ஒரு முறை திரும்பி வந்தார். உள்ளே பார்க்கவில்லை. மறைக்காமல் சொல்கிறேன், நான் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஆனால் முடிவு தவறு என்று அப்போதும் தோன்றவில்லை. உங்களுக்கும் அப்படி ஒரு மத்தியானம் வரும். அன்று பிடியாணையில் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள். நாள் முடியும்வரை நாள் அவருடையது.

அலுவலகம் மூடும் நேரத்தில் வந்தார். நனைந்து போயிருந்தார், மூச்சு வாங்கியது. கைவிரல் எல்லாம் வெடித்து மண் ஏறியிருந்தது. எழுத்தர், தாமதத்துக்குக் காரணம் கேட்டு எழுதப் பேனாவை எடுத்தார். ஏழுமலை அவரைப் பார்க்காமல் என்னைப் பார்த்துச் சொன்னார்.

"இன்னைக்கிதாங்க கடைசிச் செடியும் புடுங்கி முடிச்சேன். நானும் பொண்டாட்டியும் ராப்பகலா புடுங்கி மாமனார் வூட்டுக்குக் கொண்டு போயி சேத்துட்டோம். இனி அவுரு என் வயித்துல அடிக்க முடியாது. பொட்டி குடுத்தவுரு பேரச் சொல்றேன், எழுதிக்குங்க."

எழுத்தர் பேனாவோடு அப்படியே உட்கார்ந்திருந்தார். நான்தான் எழுதச் சொன்னேன். எந்த இடத்தில், யார் யார் இருக்கும்போது, என்ன சொல்லிப் பெட்டியை ஏற்றினார்கள் என்று ஒன்று விடாமல் சொன்னார். அன்று எனக்கு ஏற்பட்ட சந்தோஷத்தைச் சொல்லிவிடுகிறேன். பதவி உயர்வு வந்த நாளில்கூட அப்படி இருந்ததில்லை. இதைத்தான் யோசித்துப் பாருங்கள். அவரை உள்ளே வைத்திருந்தால் இந்தப் பெயர் எங்களுக்கு எந்தக் காலத்திலும் கிடைத்திருக்காது. பேசினால் கொல்லையில் நிற்கும் பயிரை முதலாளி எடுத்துக்கொள்வார் என்ற பயத்தில் அவர் வாயைக் கட்டிக்கொண்டிருந்தார். பயிர் வீடு சேர்ந்தது, வாய் திறந்தது. நாங்கள் படித்த சட்டப் புத்தகங்களில் இந்தக் கணக்கு இல்லை.

முதலாளியைக் கைது செய்தார்கள். மண்டியின் பின்கட்டில் இன்னும் பெட்டிகள் கிடைத்தன. பிறகு அவருடைய ஜாமீன் மனு வந்தது. ஊரிலேயே பெரிய வக்கீல்கள் வந்து நின்றார்கள். அவர்கள் சொன்னதில் பொய் இல்லை. கௌரவமான குடும்பம், ஊருக்குள் வீடுகள், கோயில் காரியங்களில் முதல் ஆள், எங்கேயும் ஓடமாட்டார். ஏழுமலையை விடக் கூடாது என்று சொல்லிப்போன அதே காவல் அதிகாரி, இவர் விஷயத்தில் தனக்கு ஆட்சேபம் இல்லை என்று எழுதிக் கொடுத்திருந்தார். இந்தப் போலீஸ் கருணை எங்கிருந்து பிறந்தது என்று நான் ஆராயவில்லை. ப்ரொக்யூரேர் மட்டும் எழுந்து, எதிர்க்கிறேன் என்று ஒரே வார்த்தை சொல்லிவிட்டு உட்கார்ந்தார்.

ஓடமாட்டார் என்பதை நானும் ஒப்புக்கொண்டேன். ஆனால் ஏழுமலை என்ற சாட்சியை ஓட வைப்பார் என்றேன். பிணை கட்ட ஆள் அனுப்பியதையும், மாட்டை ஓட்டிக்கொண்டு போனதையும் எடுத்துச் சொன்னேன். போதைப்பொருள் வழக்கு என்பதற்காக நான் மறுக்கவில்லை. அதே வழக்கில்தான் ஒருவரை விட்டிருக்கிறேன். வெளியே போனால் இந்த மனிதர் என்ன செய்வார் என்பதை அவரே எனக்குக் காட்டிவிட்டார், அதனால் மறுத்தேன்.

வக்கீல்கள் அடங்கிய பிறகு முதலாளியே எழுந்தார்.

"ஒரு வண்டிக்காரன ஒரு காசு வாங்காம வுட்டீங்க. நான் என் வீடு, மண்டி, நெலம் எல்லாத்தையும் இப்பவே எழுதி வக்கிறேன். அவன் வார்த்தைக்கி இருக்கற மதிப்பு என் சொத்துக்கு இல்லீங்களா?"

ஏழுமலை சாட்சியாக அறையின் கடைசியில் நின்றிருந்தார். கொல்லையை அதற்குள் அவரிடமிருந்து பிடுங்கிக்கொண்டார்கள். அடுத்த பருவத்துக்கு அவர் முதலியார்பேட்டை வந்து ஆலையில் மூட்டை தூக்கப் போனார் என்று பின்னால் தெரிந்தது. அதை என்னால் தடுக்க முடியவில்லை. அன்று முதலாளிக்குப் பதில் சொல்ல மட்டும்தான் முடிந்தது. நான் பிரெஞ்சை விட்டுவிட்டுத் தமிழிலேயே சொன்னேன்.

"நீங்க எதை எழுதி வச்சாலும் வெளிய உங்களுக்கு மிச்சம் இருக்குதுங்க. அவரு தன் வார்த்தைய வச்ச பிறகு அவருகிட்ட ஒண்ணுமே மிச்சமில்ல."

மொழிபெயர்ப்பாளர் அதைப் பிரெஞ்சில் எழுதிக்கொள்ளட்டும் என்று காத்திருந்தேன். எழுதி முடித்ததும் மனுவைத் தள்ளுபடி செய்து கையெழுத்துப் போட்டேன்.